வழிநூலும் அதன் எல்லையும்: ‘லீதல் வெப்பன் 2’ என்னும் திரைப்படத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

முதல்நூல் ஒன்றன் வழியே தோன்றும் நூலினை வழிநூல் என்பது தமிழ் மரபு. தொல்காப்பியர் மரபியலுள் அதனைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரித்தல், மொழிபெயர்த்தல் என நால்வகைப்படுத்தினார். பிற்காலத்து நன்னூலார், வழிநூல் செய்வோன் தான் வேண்டும் வேறுபாட்டினையும் அதன்கண் சேர்க்கலாம் என இசைவு தந்தார். ஆயினும் அவ்விசைவு எல்லையற்றது அன்று. முதல்நூலின் முடிபைப் பொய்யாக்கும் வேறுபாடு ஏற்புடைத்தன்று என்பதே அவர்தம் உள்ளக்கிடக்கை எனக் கொள்ளலாம். இவ்விதி இலக்கண நூல்கட்கென வகுக்கப்பட்டதே. எனினும் கதை கூறும் நூல்கட்கும் அது பொருந்தும் என்பதற்கு இரட்டைக் காப்பியங்களே சான்று. மணிமேகலை, சிலப்பதிகாரத்தின் மாந்தரையும் நிகழ்ச்சிகளையும் ஏற்று, வேறொரு பெண்ணை நடுவில் நிறுத்தி, வேறொரு நெறியைப் பேசுகின்றது. ஆனால் கோவலன் கொலையுண்ட துயரை அது இல்லையாக்கவில்லை. அத்துயரின்மேல் நின்றே தன் கதையைத் தொடங்குகின்றது.

இக்காலத்தே வழிநூல் முயற்சி மிகுதியும் நிகழுமிடம் திரைப்படத்துறையே ஆகும். வெற்றிபெற்ற படத்திற்கு இரண்டாம் பகுதி எடுப்பது அமெரிக்கத் திரைத்தொழிலில் வழக்கமாகிவிட்டது. அவற்றுட் பெரும்பாலன ஆய்வுக்கு உரியன அல்ல என்பதை யாமும் அறிவோம். முதுகலை வகுப்பில் இப்பொருளை யாம் எடுத்தபோது, துப்பாக்கிப் படத்திற்குத் தொல்காப்பியம் எதற்கு என்று மாணவர் ஒருவர் நேரே வினவினார். கேட்டற்குரிய வினாவே. அதற்கு யாம் அன்று கூறிய விடை முழுமையானதன்று. இக்கட்டுரை அவ்விடையை நிறைவு செய்யும் முயற்சி எனக் கொள்க.

ஈண்டு எடுத்துக்கொண்ட படம் ரிச்சர்டு டோனர் இயக்கி 1989 சூலையில் வெளிவந்த ‘லீதல் வெப்பன் 2’. 1987இல் அவரே இயக்கிய ‘லீதல் வெப்பன்’ என்னும் படத்தின் வழிவந்தது. இவை இணைக்காவலர் படம் எனத்தக்க வகையைச் சார்ந்தவை. தம்முள் இயல்பால் மாறுபட்ட இருவர் ஒரு குற்றத்தைத் துப்பறியுமாறு பிணைக்கப்பட்டு, பூசலிட்டுக்கொண்டே நண்பராவது இவ்வகையின் பொது அமைப்பு. வால்ட்டர் ஹில் 1982இல் இயக்கிய ‘48 அவர்ஸ்’ இதற்கு ஒரு வாய்பாடு வகுத்துத் தந்தது எனலாம். அதில் இணைந்தவருள் ஒருவன் சிறையாளி. அப்படத்திற்கும் 1990இல் ஒரு வழிப்படம் வந்தது. முதற்படத்தில் கண்டவற்றையே அது திரும்பவும் காட்டிற்றாதலின் அதனைப்பற்றி மேலும் கூறவேண்டுவதில்லை. டோனரின் வழிப்படம் அத்தகையதன்று. அதன்கண் உண்மையான ஆக்கமும் உண்டு; உண்மையான வழுவும் உண்டு. இரண்டும் ஒரே வேரினின்று கிளைத்தவை என்பது எம் கருத்து.

முதற்படத்தின் கதையை மாணவர்பொருட்டுச் சுருங்கக் கூறுவாம். இடம் லாஸ் ஏஞ்சலிஸ் மாநகர். ரோஜர் மர்ட்டா (டேனி குளோவர்) ஐம்பதாம் அகவையை எய்திய கறுப்பினக் காவலர். மனைவி மக்களோடு நிறைவாழ்வு வாழ்பவர். மார்ட்டின் ரிக்ஸ் (மெல் கிப்சன்) இளைய வெள்ளையன். மனைவியைச் சாலை நேர்ச்சியில் இழந்தவன். வாழ்வில் பற்றற்று, தன்னைத் தானே சுட்டுக்கொள்வதற்கெனத் தனியே ஒரு குண்டினை வைத்திருப்பவன். அப்படம் ஒரு கிறித்துப் பிறப்பு நாளில் முடிகின்றது. இனி எனக்கு இது வேண்டுவதின்று என்னும் குறிப்போடு அக்குண்டினை நாடா கட்டிய பரிசாக மர்ட்டாவின் வீட்டில் கொடுத்துவிட்டுத் திரும்ப முனைகின்றான் ரிக்ஸ். மர்ட்டா அவனை உணவுக்கு உள்ளே அழைக்கின்றார். சாவை நாடியவன் ஒரு குடும்பத்தின் வாயிலில் ஏற்கப்படுவதே அப்படத்தின் முடிபு. துப்பாக்கிப் போரெல்லாம் அதற்குப் புறவுரையே.

எனவே வழிப்படம் தொடங்கும்போது கதையாசிரியர்முன் ஓர் இடர் நின்றது. சாவைத் தேடியவன் இப்போது தேடவில்லை. அவன் கண்ணில் முன்பிருந்த இருள் நீங்கிவிட்டது. அவ்விருளே முதற்படத்தை இயக்கிய ஆற்றல். அஃதின்றிக் கதை எதனால் இயங்கும்? டோனரும் திரைக்கதை எழுதிய ஜெஃப்ரி போமும் இதற்குக் கண்ட முதல் விடை மிக நல்லது. நட்பின் தோற்றத்தைக் காட்டியாயிற்று. இனி அதன் பயிற்சியைக் காட்டுவோம் என்றனர். ரிக்ஸ் இப்போது மர்ட்டாவின் வீட்டில் உண்கின்றான். அவன் துணியும் அங்கேயே வெளுக்கப்படுகின்றது. அவ்வீட்டுப் பிள்ளைகள் அவனைச் சிற்றப்பன்போல் நடத்துகின்றனர். மர்ட்டாவின் மகள் விளம்பரம் ஒன்றில் நடித்திருக்கின்றாள் என்று வீடே தொலைக்காட்சிமுன் கூடி அமர, அது கருத்தடையுறை விளம்பரமாக முடிய, தந்தை வாயடைத்து நிற்க, ரிக்ஸ் சிரிப்பை அடக்க மாட்டாது நெளிவது கதைக்கு எவ்வாற்றானும் இன்றியமையாததன்று. ஆயினும் இந்நிகழ்ச்சிகளே, பின்னர் இவ்வீட்டின்மீது தாக்குதல் வரும்போது எமக்கு அஞ்சுதற்கு ஏதேனும் உண்டு என்னும் நிலையைத் தோற்றுவிக்கின்றன.

இப்படத்தின் தலையாய காட்சி எது என வினவினால், யாம் தயங்காது கழிப்பறைக் காட்சியையே சுட்டுவோம். வீட்டார் வெளியூர் சென்றிருக்க, மர்ட்டா கழிப்பறையில் அமர்ந்தபின், எழுந்தால் வெடிக்கும் குண்டு ஒன்று தன்கீழ் பொருத்தப்பட்டிருப்பதை அறிகின்றார். பணிக்கு வராமை கண்டு தேடிவரும் ரிக்ஸ், அவர் நெடுநேரமாக அங்கேயே அமர்ந்திருப்பதைக் காண்கின்றான். கால் மரத்துப் போயிற்று. ஆரவாரமின்றி ஓரிருவரை மட்டும் அழைத்துவா என அவர் வேண்டுகின்றார். சற்று நேரத்தில் தீயணைப்பு வண்டிகளும் காவலரும் வாயிலெங்கும் நிறைகின்றனர். இளிவரல் என்னும் மெய்ப்பாடு பிறக்கும் நிலைக்களன்களுள் மூப்பையும் வருத்தத்தையும் தொல்காப்பியர் எண்ணினார். இக்காட்சியில் மூப்பும் உண்டு, வருத்தமும் உண்டு. உடையும் முறையாக அணியாது, உடன்பணியாற்றுவோர் அனைவரும் அறியத் தன் கழிப்பறையில் சிறைப்பட்டிருக்கும் முதியவரின் நாணம் நகைக்குரியதாகின்றது. அந்நகையினூடே அச்சம் வளர்கின்றது.

பின்னர் நிகழ்வதே நுட்பமானது. குண்டைக் குளிர்வித்துச் செயலிழக்கச் செய்வோர் சில நொடிகளே தரமுடியும் என்கின்றனர். காலில் உணர்வற்ற மர்ட்டா தாமே எழமுடியாது. பக்கத்திலுள்ள இரும்புக் குளியல் தொட்டிக்குள் அவரை இழுத்து வீழ்த்த ஒருவர் வேண்டும். ரிக்ஸ் அப்பணியைத் தனக்குரியது என்று அறிவிப்பதுமில்லை, வீறுரை கூறுவதுமில்லை. எல்லாரையும் வெளியேறச் சொல்லிவிட்டு அவன் மட்டும் அங்கேயே இருக்கின்றான், அவ்வளவே. போய்விடு என்கின்றார் மர்ட்டா. அவன் போகவில்லை. நீ எனக்கு இன்னன் என்று இருவரும் சொல்லிக்கொள்ள முயன்று, சொல்லவொண்ணாது, வேறெதையோ பேசி மழுப்புகின்றனர். முதற்படத்தில் சாவை நாடிய அதே மனிதன் இங்கே சாவின் அருகில் அமர்கின்றான். ஆனால் காரணம் தலைகீழாகிவிட்டது: அன்று வாழ விருப்பமின்மையால், இன்று ஒருவரை வாழவைக்கும் விருப்பத்தால். இம்மாற்றத்தை உரையாடலால் விளக்காது, ஒருவன் எழுந்து போகாமையால் விளக்குவதே டோனரின் திறம். முதல்நூலை மறுக்காது அதன் பொருளை ஒருபடி விரித்தமையின், இதனை வழிநூலின் விரித்தல் என்னும் வகைக்கு நல்ல எடுத்துக்காட்டாக எம் மாணவர்க்குக் காட்டுவதுண்டு. வெடித்தபின் கழிப்பறைப் பீங்கான் பறந்துவந்து வாயிலில் நின்ற வண்டிமேல் வீழ்வது மிகை என்பார் உளர். யாம் அம்மிகையை மன்னிப்போம்.

முன் வைத்ததைப் பின் பயன்படுத்தும் செம்மையும் இப்படத்திற்கு உண்டு. காவல் நிலையத்தில் கைகட்டும் சட்டையைப் பூட்டி, இதனின்று வெளிவர இயலாது என்று பணயம் வைக்கின்றனர் நண்பர்கள். ரிக்ஸ் தன் தோள்மூட்டைத் தானே நழுவச்செய்து வெளிவந்து, பின்னர் அதனைச் சுவரில் மோதிப் பொருத்திக்கொள்கின்றான். அந்நேரத்தில் அது விளையாட்டு. பிற்பகுதியில் அதே சட்டையால் கட்டப்பட்டுக் கடலில் எறியப்படும்போது அதே வித்தை அவன் உயிரைக் காக்கின்றது. விளையாட்டாகக் கண்ட வலி வினையாகத் திரும்புகின்றது. ஆணி அடிக்கும் கருவியும் இவ்வாறே: மர்ட்டா வீட்டில் நடைபெறும் மரவேலையில் முதலில் கண்ணிற்படுகின்றது; பின்னர்ப் படைக்கலம் ஆகின்றது.

ஜோ பெஷி நடித்த லியோ கெட்ஸ் என்னும் புதிய மாந்தனையும் ஈண்டுக் குறித்தல் வேண்டும். போதைப்பொருள் வணிகரின் பணத்தை நேர்மையான பணமாக மாற்றிக்கொடுத்து, அதில் தனக்கும் ஒரு பங்கைத் திருடிக்கொண்டு, இப்போது அரசுச் சான்றாளனாகக் காவலில் இருக்கும் கணக்கன். மூச்சுவிடாது பேசுவான். உணவகத்தின் வண்டிவழிச் சாளரத்தில் கேட்டது ஒன்று, கிடைத்தது ஒன்று என அவன் பொருமும் பொருமல் அமெரிக்கரால் இன்றும் நினைக்கப்படுகின்றது. நாடக வழக்கில் இவன் நகைச்சுவையன். ஆனால் இருவர் நட்புக்கு மூன்றாமவன் ஒருவன் வந்தபோது அவ்விருவரும் முன்னிலும் நெருங்குகின்றனர் என்பது கருதத்தக்கது. அவனை எரிச்சலோடு நோக்குவதில் இருவர்க்கும் வேறுபாடே இல்லை. பின்வந்த 1992, 1998 ஆண்டுப் படங்களிலும் இவன் விடாது தொடர்ந்தான். அது குறித்து யாம் மகிழ்வதற்கில்லை.

இதுகாறும் நலம் கூறினோம். இனிப் பகையை நோக்குவாம். இப்படத்தின் துணிவு அதன் பகைவர் தெரிவில் உள்ளது. தொடக்கத் துரத்தலில் கவிழ்ந்த வண்டியின் பின்பெட்டியைத் திறந்தால் உள்ளே குரூகராண்டு என்னும் தென்னாப்பிரிக்கப் பொற்காசுகள். 1967 முதல் அச்சிடப்பட்ட இக்காசினை அமெரிக்காவிற்குள் கொணர்வதை 1985இல் அந்நாட்டுத் தலைவரின் ஆணையும், 1986இல் நிறைவேறிய நிறவெறி எதிர்ப்புச் சட்டமும் தடைசெய்திருந்தன. அச்சட்டம் குடியரசுத் தலைவர் ரேகனின் மறுப்பையும் மீறி அமெரிக்கப் பேரவையால் நிறைவேற்றப்பட்டது. எனவே ஒரு பெட்டிப் பொற்காசு, படம் பார்க்கச் சென்ற மக்கள் செய்தித்தாளில் படித்துக்கொண்டிருந்த அரசியலைக் கதைக்குள் கொணர்ந்தது. காசின் தடம் தென்னாப்பிரிக்கத் துணைத்தூதரகத்தின் வாயிலில் முடிகின்றது. ஆர்யன் ரட் என்னும் உயரலுவலர் (ஜோஸ் ஆக்லண்டு) தூதர்க்குரிய விலக்குரிமையைக் கேடயமாகக் கொண்டு போதைப்பொருள் வணிகம் செய்கின்றான். காவலர் கண்டுபிடித்தாலும் தொடவொண்ணாது. அவன் ஏவலாளன் வோர்ஸ்டெட் காவலர் பலரை ஒருவர்பின் ஒருவராகக் கொல்கின்றான்.

மர்ட்டாவாக நடித்த டேனி குளோவர் 1987இல் தொலைக்காட்சிப் படம் ஒன்றில் நெல்சன் மண்டேலாவாக நடித்தவர். நிறவெறி ஆட்சியை எதிர்த்த இயக்கத்தில் ஈடுபட்டவர். ஆதலின் அவர் அத்தூதரகத்திற்குள் அடிவைத்து, தென்னாப்பிரிக்காவிற்குக் குடிபெயர விரும்புகின்றேன், வழி சொல்லுங்கள் என்று கேட்கும் காட்சி வெறும் நகை அன்று. அலுவலன் விழிக்கின்றான். நீங்கள் கறுப்பர் ஆயிற்றே என்னும் கருத்தை எப்படிச் சொல்வது என்று அறியாது தடுமாறுகின்றான். மர்ட்டா விளங்காதவர்போல் நிற்கின்றார். நகைக்குரிய நிலைக்களன்களாகத் தொல்காப்பியர் கூறிய எள்ளலும் பேதைமையும் இங்கே ஒருங்கு நிற்கின்றன: பேதைமை பூண்டு எள்ளுபவர் மர்ட்டா, பேதைமை வெளிப்பட எள்ளப்படுபவன் அலுவலன். ஒரு சட்டத்தின் கொடுமையை அதனை நடத்துவோன் வாயாலேயே சொல்லவைத்து, அவன் சொல்ல நாணுமாறு செய்வதினும் கூரிய அங்கதம் இல்லை. இப்படத்திலேயே சிறந்த அரசியல் இக்காட்சியே. நேரம் மூன்று நான்கு மணித்துளிக்கு மிகாது.

விலக்குரிமை பற்றிய சட்டச் செய்தி ஒன்றையும் இடையே கூறிவிடுகின்றோம். 1961ஆம் ஆண்டு வியன்னா உடன்படிக்கை தூதர்க்குக் குற்ற விசாரணையினின்று முழு விலக்கு அளிக்கின்றது. ஆனால் துணைத்தூதரக அலுவலர்க்கு 1963ஆம் ஆண்டு உடன்படிக்கையே உரியது. அதன்படி அவர்க்குள்ள பாதுகாப்பு அலுவற் செயல்களின் அளவினதே. கடுங்குற்றமாயின் நீதிமன்ற ஆணைகொண்டு தளைப்படுத்தவும் இடமுண்டு. லாஸ் ஏஞ்சலிஸில் இருப்பது துணைத்தூதரகம். ரட் முழுத் தூதனாகவே பதிவு பெற்றவன் எனக் கொண்டாலும், அவனை ஏற்கத்தகாதவன் என அறிவித்து நாட்டைவிட்டு அகற்றும் உரிமை அமெரிக்க அரசுக்கு உண்டு. காவல் தலைவர் எவரும் அதனை நினைக்கவும் இல்லை. கதைக்கு இடர் வேண்டும் என்பதற்காகச் சட்டத்தை மிகுத்துக் காட்டல் புனைவுக்கு உரியதே. ஆயினும் இம்மிகைக்கு ஒரு விலை உண்டு. சட்டத்தால் ஆவது ஏதுமில்லை என்று முன்னரே முடிவு கட்டியமையால், துப்பாக்கி ஒன்றே வழி என்னும் முடிபு எளிதாகிவிடுகின்றது.

வழுவின் மையத்திற்கு வருவோம். வெகுளியின் நிலைக்களன்களாகத் தொல்காப்பியர் உறுப்பறை, குடிகோள், அலை, கொலை என நான்கு கூறினார். இவற்றுட் குடிகோள் என்பதற்கு உரையாளர் இருவகையாகப் பொருள் கொண்டனர். தம்கீழ் வாழ்வாரை நலிதல் என்பது ஒன்று. ஒருவனுடைய மனைவி, சுற்றம், குடி ஆகியவற்றிற்குக் கேடு சூழ்தல் என்பது மற்றொன்று. முன்னது பொதுவெகுளிக்கும் பின்னது தன்வெகுளிக்கும் இடமாகும். எம் படம் முன்னதிலே தொடங்குகின்றது. நிறத்தால் மக்களைப் பிரித்து நலியும் அரசின் ஆள் ஒருவனைக் கண்டு எழும் சினம் அது. அதற்கு உரியவர் மர்ட்டா. கதை அவ்வாறே சென்றிருப்பின் இவ்வகைப் படங்களில் அரிதான ஒன்றாக இது நின்றிருக்கும்.

நிகழ்ந்ததோ வேறு. மூன்றில் இரு பகுதி கடந்தபின், கட்டுண்டு கிடக்கும் ரிக்ஸிடம் வோர்ஸ்டெட் ஒரு செய்தி சொல்கின்றான். சில ஆண்டுகட்குமுன் ரிக்ஸ் தங்கள் வணிகத்தை நெருங்கியபோது அவனைக் கொல்ல முயன்றவன் தானே; சாலையில் வண்டியைக் கவிழ்த்தபோது அதனை ஓட்டி வந்தவள் ரிக்ஸின் மனைவி. அதாவது முதற்படத்தில் நேர்ச்சி எனக் கண்ட சாவு இங்கே கொலை ஆகின்றது. இவ்வொரு சொல்லால் குடிகோள் முதற்பொருளை விட்டு இரண்டாம் பொருளுக்குத் தாவிவிடுகின்றது. ஒரு நாட்டு மக்களை நலிந்தமை பின்தள்ளப்பட்டு, ஒருவன் மனைவியைக் கொன்றமை முன்னிற்கின்றது. பொதுவெகுளிக்கு உரிய மர்ட்டா ஒதுங்க, தன்வெகுளிக்கு உரிய ரிக்ஸ் எழுகின்றான்.

இதனால் நேர்ந்த கேடு இரண்டு. முதலாவது முதல்நூலுக்கு நேர்ந்தது. மனைவி நேர்ச்சியில் இறந்தாள் என்பதே ரிக்ஸின் துயருக்கு ஆழம் தந்தது. பழிக்க ஒருவன் இல்லை. பழிதீர்க்க ஒரு வழி இல்லை. ஆகவே அவன் குண்டைத் தன்னை நோக்கியே திருப்பினான். அத்தகைய துயர்க்கு மருந்து ஒரு குடும்பத்தின் அன்பே என்று முதற்படம் காட்டிற்று. இப்போது கொலைஞன் ஒருவனைக் கொணர்ந்து நிறுத்தினால், மருந்து பழிதீர்த்தல் என்றாகின்றது. அவ்வீட்டு உணவும் மர்ட்டாவின் அழைப்பும் என்னாயின? முதல்நூலின் முடிபைப் பின்னோக்கிச் சென்று மாற்றும் இச்செயல், பத்துக் குற்றங்களுள் மாறுகொளக் கூறலின்பாற்படும். கொடுமை யாதெனின், இதே படத்தில் முன்னர் மர்ட்டாவின் மனைவியிடம் ரிக்ஸ் தன் மனைவி இறந்த இரவைப்பற்றி மெல்லப் பேசும் காட்சி ஒன்று உண்டு. அமைதியானது, கிப்சன் மிக நன்றாக நடித்தது. ஆறிவரும் புண்ணை அங்கே காட்டியவர்களே பின்னர் அப்புண்ணைப் பிளக்கின்றனர்.

இரண்டாவது கேடு ரிக்கா என்னும் பெண்ணுக்கு நேர்ந்தது. பாட்சி கென்சிட் நடித்த இவள் தூதரகப் பணியாளர். தன் நாட்டு ஆட்சியை வெறுப்பவள். அவ்வெறுப்பைப்பற்றி இரண்டு மூன்று தொடர் பேசுகின்றாள். அவளிடம் கேட்க எத்தனையோ வினாக்கள் உள்ளன: வெறுத்தும் ஏன் அப்பணியில் இருக்கின்றாள், அவள் வீட்டார் யாவர், அங்கே அவள் கண்டது என்ன? எதுவும் கேட்கப்படவில்லை. ரிக்ஸோடு ஓர் இரவு. அடுத்துக் கடலடியில் பிணம். கொன்றவன் அதே வோர்ஸ்டெட். ஒருவனுடைய மனைவியையும் காதலியையும் ஒரே கை கொன்றது என்பது மிகைபடக் கூறல். அதனினும் பெரிய குறை, நிறவெறி ஆட்சியை உள்ளிருந்து எதிர்க்கும் ஒரே மாந்தர் பிறன் சினத்தை மூட்டும் விறகாக மட்டும் பயன்பட்டமை. கறுப்பினத் தென்னாப்பிரிக்கர் ஒருவரேனும் இப்படத்தில் பெயர்பெற்ற மாந்தராக வரவில்லை என்பதையும் இதனோடு சேர்த்து எண்ணுக. நலிந்தோர் நாட்டின் பெயர் உண்டு, கொடி உண்டு, காசு உண்டு, நலிவுற்றோர் இலர்.

அதன்பின் படம் ஓசை மிகுந்து ஓடுகின்றது. மலைச்சரிவில் தூண்கள்மேல் நிற்கும் பகைவர் மாளிகையை ரிக்ஸ் தன் சரக்குவண்டியில் கயிறு பிணைத்து இழுத்து வீழ்த்துவது கண்ணுக்கு விருந்தே; தன்வெகுளியின் அளவை ஒரே செயலால் காட்டுதலின் பொருத்தமும் உடையது. ஆனால் மர்ட்டா ஆணிக்கருவியால் இருவரைக் கொன்றபின் அதனைக்கொண்டு ஒரு சொல்விளையாட்டு மொழிவது எமக்கு ஒவ்வவில்லை. அன்றுதான் உடன்பணியாற்றியோர் இறந்தனர். தம் வீட்டில் முதன்முறையாகக் கொலை செய்து நிற்கும் குடும்பத்தலைவர்க்கு நகைமொழி எங்கிருந்து வரும்? கழிப்பறையில் நகையும் அச்சமும் கலந்து ஒன்றையொன்று வளர்த்தன. இங்கே நகை அச்சத்தைத் துடைத்துவிடுகின்றது.

இறுதி நிகழ்ச்சி துறைமுகத்தில், ஒரு சரக்குக் கப்பலில். வோர்ஸ்டெட் ரிக்ஸுக்கு உரியவன் ஆதலின் அவன் கையால் மடிகின்றான். ரட் மேலிருந்து ரிக்ஸைப் பன்முறை சுடுகின்றான். மர்ட்டா துப்பாக்கியை நீட்ட, தன் அடையாளச் சீட்டை உயர்த்திப் பிடித்து விலக்குரிமை என்கின்றான். மர்ட்டா குறிபார்த்து ஒரே குண்டில் வீழ்த்திவிட்டு, அது இப்போதுதான் நீக்கப்பட்டது என்கின்றார். படம் பார்த்தோர் அனைவரும் நினைவில் கொண்ட இடம் இது. அவ்வொரு நொடியில் வழிதவறிய கதை தன் முதற்பொருளுக்கு மீள்கின்றது: மக்களைச் சட்டத்தால் நலிந்த அரசின் அலுவலன் சட்டத்தையே காட்டித் தப்ப முயல, நலியப்பட்ட நிறத்தவர் ஒருவர் மறுக்கின்றார். எனினும் அக்குண்டு யார்பொருட்டு? தரையில் குருதி தோய்ந்து கிடப்பவன் ரிக்ஸ். நண்பன் வீழ்ந்தமையால் எழுந்த சினமே குண்டாயிற்று என்பதற்கும் இடமுண்டு. தூதரக வாயிலில் நின்ற நாள்முதல் அடக்கிய சினம் என்பதற்கும் இடமுண்டு. குளோவர் அந்நொடியில் முகத்தை அசைக்காது, கழுத்தை மட்டும் மெல்லத் திருப்பிக் குறிபார்க்கின்றார். அதில் இரண்டும் இருப்பதாக யாம் கொள்கின்றோம். திரைக்கதை தரத் தவறியதை நடிகர் தந்தார் எனின் மிகையாகாது.

படம் வந்து ஏழு திங்களில், 1990 பிப்பிரவரியில், மண்டேலா சிறைமீண்டார். 1994இல் அவ்வாட்சியே வீழ்ந்தது. இன்று காண்போர்க்கு ரட் பழங்கதை மாந்தனாகத் தோன்றலாம். அமெரிக்காவில் மட்டும் முதற்படம் ஏறத்தாழ 6.5 கோடி டாலர் ஈட்ட, வழிப்படம் 14.7 கோடி ஈட்டியது. இத்துணை மக்கள் ஒரு கோடைக்காலப் படத்தில் நிறவெறி ஆட்சியை வெறுக்கப் பயின்றனர் என்பதை யாம் சிறிதாகக் கருதவில்லை. ஆனால் அவ்வெறுப்பு ஆட்சியின்மேல் பிறந்ததா, நல்லவன் ஒருவனின் மனைவியைக் கொன்ற தீயோன்மேல் பிறந்ததா என்பது வேறு வினா.

முதற்படத்தை எழுதிய ஷேன் பிளாக் இரண்டாம் படத்திற்கு எழுதிய முதல் வரைவில் ரிக்ஸ் இறந்துவிடுகின்றான். படநிறுவனத்தார்க்கு அஃது உவக்கவில்லை, பிளாக் விலகினார், போம் எழுத வந்தார். வாரன் மர்ஃபியோடு பிளாக்கின் பெயரும் கதையாசிரியர் என்ற அளவில் படத்தில் உளது. அவ்வரைவே ஏற்கப்பட்டிருப்பின் படம் சிறந்திருக்கும் என்று கூற யாம் முற்படவில்லை. ஆனால் மனைவியின் சாவைக் கொலையாக்கிப் பழிதீர்க்கும் பாதையில் ஒருவனைச் செலுத்திவிட்டால், அப்பாதையின் முடிவு சாவே என்பதைப் பிளாக் அறிந்திருந்தார். பழியின் விலை அது. போமும் டோனரும் பாதையை வைத்துக்கொண்டு விலையை நீக்கினர். ஆகவேதான் இறுதியில் மர்ட்டா மடியில் ரிக்ஸைக் கிடத்தி, நீ சாகமாட்டாய் என்று சொல்ல, இருவரும் வலியினூடே நகையாடத் தொடங்குகின்றனர். அந்நகை நெடுநேரம் நீள்கின்றது. கழிப்பறையில் இருவரும் சொல்லவொண்ணாது மழுப்பியதை இங்கே தம் வாயால் சொல்லியும் விடுகின்றனர். எம் மாணவர் பலர்க்கு இம்முடிவு பிடித்திருந்தது. எமக்கு அந்தக் குளியல் தொட்டியே போதுமானதாக இருந்தது.